சூட்டுச் சந்து

எண்கள் நன்றாக இருந்தன. என் சந்தேகம் அங்கேதான் தொடங்கியது.

அந்த மாதம் எங்கள் டேட்டா சென்டரில் ஏசிகள் இழுத்த மின்சாரம் மூன்று மாதத்துக்கு முன்பைவிட ஒன்பது சதவீதம் குறைவு. நான் எதையும் மாற்றவில்லை. ஹாலின் பொறுப்பாளர் அந்த வரைபடத்தை அச்செடுத்துத் தன் அறைச் சுவரில் ஒட்டினார். அவருக்கு முதுகுக்குப் பின்னால் பதினெட்டு என்று பெயர். இருபத்து நாலு டிகிரியே இயந்திரங்களுக்குப் போதும் என்று எத்தனை முறை சொன்னாலும், ஏசி தள்ளும் காற்று பதினெட்டைத் தாண்டினால் அவருக்குப் பொறுக்காது.

"என்ன செஞ்ச?" என்று கேட்டார்.

"ஒண்ணும் செய்யல சார்."

"அடக்கமா பேசாத. செஞ்சதைச் சொல்லு."

"நெஜமாவே ஒண்ணும் செய்யல."

"சரி, அடுத்த மாசமும் அதையே செய்."

எங்கள் ஹாலில் தரைக்கு அடியில் இன்னொரு தரை உண்டு. நடுவே முழங்கால் உயரத்துக்கு இடைவெளி. ஏசிகள் குளிர்ந்த காற்றை அந்த இடைவெளிக்குள் தள்ளும். துளை போட்ட டைல்கள் வழியாக அது மேலே வரும். சர்வர்கள் அதை முகத்தால் உறிஞ்சி முதுகால் சூடாக வெளியே விடும். அதனால் சர்வர்கள் அடுக்கிய ரேக்குகளை முகத்துக்கு முகம், முதுகுக்கு முதுகு என்று நிறுத்தியிருக்கிறோம். முகங்கள் பார்க்கும் வழி குளிர்ச் சந்து. முதுகுகள் பார்க்கும் வழி சூட்டுச் சந்து. இரண்டும் கலக்கக் கூடாது. என் வேலை அவ்வளவுதான். நாலு வருடம் பொறியியல் படித்துவிட்டு, இரண்டு காற்றுகள் சந்தித்துவிடாமல் காவல் இருக்கிறேன்.

ஏழாம் வரிசையில் அவை சந்தித்துக்கொண்டிருந்தன. தினமும் மதியம் இரண்டரைக்கு முன்பக்கம் முப்பத்தொன்றுக்கு ஏறும். மூன்றரைக்குத் தானாக இறங்கும். காலையில் போய்ப் பார்த்தால் எல்லாம் ஒழுங்காக இருக்கும். அதே நேரத்தில் அந்த வரிசையின் ஏசிக்குத் திரும்பி வரும் காற்று மட்டும், முப்பத்தாறு இருக்க வேண்டியது, இருபத்தேழு காட்டியது. ஏசி தனக்குத் திரும்பி வரும் காற்றை வைத்துத்தான் எவ்வளவு உழைக்க வேண்டும் என்று முடிவு செய்யும். வருவது குளிர்ந்திருந்தால் வேலை முடிந்தது என்று தூங்கப் போய்விடும்.

முன்பக்கம் வேகிறது. பின்பக்கம் ஆறுகிறது. ஏசி தூங்குகிறது. மின்சாரம் மிச்சம். பதினெட்டுக்கு மகிழ்ச்சி.

முதலில் சென்சாரைச் சந்தேகப்பட்டேன். மாற்றினேன். புதியதும் அதையே சொன்னது. அப்படியானால் யாரோ குளிர் காற்றைப் போகக் கூடாத இடத்துக்கு அனுப்புகிறார்கள். காற்றுக்கு மணி பார்க்கத் தெரியாது. ஆளுக்குத்தான் தெரியும்.

செவ்வாய்க்கிழமை இரண்டு ஐம்பதுக்கு ஏழாம் வரிசையில் நாலு சர்வர்கள் சூடு தாங்காமல் தாமாகவே நின்றன. ஒரு ரத்தப் பரிசோதனைக் கூடத்தின் சர்வர்கள். இருபத்திரண்டு நிமிடம் யாருடைய முடிவும் யாருக்கும் போகவில்லை.

பதினெட்டு என்னை உட்காரச் சொல்லவில்லை.

"வெள்ளிக்கிழமை சாயங்காலம் ரிப்போர்ட் வேணும். காரணம் மட்டும் எழுதிட்டு வராத. ஆள் வேணும்."

"ஆள் இல்லாமலும் இருக்கலாம் சார்."

"கரெக்டா ரெண்டரைக்கு வந்து மூணரைக்குப் போகுது. பேய்க்கு ஷிப்ட் போட்டிருக்கோமா?" சுவரில் இருந்த வரைபடத்தைப் பார்த்தார். கிழிக்கலாமா என்று யோசித்த மாதிரி இருந்தது. "யாரா இருந்தாலும் அன்னைக்கே கார்டை வாங்கிடுவேன். உன் வீட்டு ஆளா இருந்தாலும்."

கடைசி வாக்கியம் தேவையில்லாதது. ஆனால் சொன்னார். அதை யோசித்துக்கொண்டே வெளியே வந்தேன்.

என் வீட்டு ஆள் ஒருவன் அங்கே இருந்தான். என் மனைவியின் தம்பி. கேபிள் வேலை. சேர்ந்து ஐந்து மாதம். என் கையெழுத்தின் பேரில் ஆறு மாதத் தற்காலிக நுழைவுக் கார்டு. இந்த மாதக் கடைசியில் அது நிரந்தரமாகும், அல்லது பறிபோகும். இதற்கு முன் இரண்டு இடங்களில் வேலை பார்த்தான். இரண்டு கம்பெனிகளும் மூடிவிட்டன. என் மாமியார் வாரம் ஒருமுறை போன் செய்து ஒரே கேள்வியைக் கேட்பார்: "அங்கயாவது நிக்கிறானா?"

என் மனைவி இறந்து எட்டு மாதம்.

டெங்கு. நாலு நாள் மணிக்கு ஒரு தடவை அளந்து நோட்டில் எழுதினேன். அளப்பது என் தொழில். ஐந்தாம் நாள் காலை காய்ச்சல் இறங்கியது. எண்கள் நன்றாக இருந்தன. நான் வேலைக்குப் போனேன், மாலைவரை வீட்டுக்குப் போன் செய்யவில்லை. அந்தக் காய்ச்சலில் சூடு இறங்கும் நேரம்தான் ஆபத்தான நேரம் என்று மாலையில் டாக்டர் சொன்னார். ஆஸ்பத்திரி வராந்தாவில் மைத்துனன் என்னிடம் ஒரே ஒரு வாக்கியம் பேசினான். "ஒரு போன் பண்ணிருக்கலாம்ல."

அதற்கு முன் என்னை மாமா என்று கூப்பிட்டவன். அதன் பிறகு எப்படியும் கூப்பிடவில்லை. நீங்களும் இல்லை, நீயும் இல்லை. சாப்டாச்சா. கிளம்பியாச்சா. அந்த பேட்ச் கேபிள் வந்துச்சா. ஒருவரை மதிக்காமலும் அவமதிக்காமலும் மொட்டையாகப் பேச நம் மொழியில் இப்படி ஒரு வழி இருக்கிறது. அவன் எட்டு மாதமாக அந்த வழியிலேயே நடந்தான். ஒரு முறைகூடக் கால் தடுக்கவில்லை. அதற்கு எவ்வளவு கவனம் வேண்டும் என்று நினைத்துப் பார்த்தால், அந்தக் கோபத்தின் அளவு தெரிந்தது.

புதன்கிழமை காலை ஏழாம் வரிசையை முழுக்கப் பார்த்தேன். காலி இடங்களை மூடும் தகடுகள் எல்லாம் இருந்தன. துளை டைல்கள் தம் இடத்தில் இருந்தன. கேபிள்கள் தரைக்குள் இறங்கும் ஓட்டைகளைச் சுற்றி, காற்று கசியாமல் இருக்க, பல் துலக்கும் பிரஷ் போல அடர்ந்த மயிர் வைத்திருப்போம். அவையும் மூடியே இருந்தன.

மதியம் இரண்டு மணிக்குக் குளிர்ச் சந்தில் புகைப் பேனாவை எடுத்துக்கொண்டு நின்றேன். மெல்லிய புகையை விடும் பேனா அது. காற்று எங்கே போகிறது என்று அது பொய் சொல்லாமல் காட்டும். துளை டைலுக்கு மேலே பிடித்தேன். புகை விரைப்பாக எழ வேண்டும். பசித்தவனைப் போலச் சோம்பலாக எழுந்தது. தரைக்கு அடியில் அழுத்தம் இல்லை. வேறு எங்கோ திறந்திருக்கிறது.

சாயங்காலம் நுழைவு ரெஜிஸ்டரைக் கேட்டேன். ஹால் வாசலில் உட்காரும் காவல்கார அம்மாவை எல்லோரும் வாசல் அக்கா என்போம். கேமரா திரைகளுக்கு நடுவே ஒரு ஸ்டூலும் ஒரு பிளாஸ்டிக் செடியும் வைத்திருப்பார். அந்தச் செடிக்குச் சில நாள் தண்ணீர் ஊற்றியதும் உண்டு என்று சொல்லிச் சிரிப்பார்கள்.

"யாரைப் பிடிக்கப் போறீங்க?" என்றார்.

"யாரையும் இல்லை. சும்மா."

"சும்மா பார்க்கறவங்க மூணு மாச ரெஜிஸ்டரைக் கேக்க மாட்டாங்க."

மைத்துனனின் கார்டு தினமும் ஒன்று நாற்பதுக்கு உள்ளே போயிருந்தது. ஐந்து நிமிடத்தில் வெளியே. மறுபடி மூன்று ஐந்துக்கு உள்ளே. மறுபடி ஐந்து நிமிடம். பதினோரு வாரமாக, விடுமுறை நாள் தவிர. வேலை என்ற இடத்தில் கேபிள் என்று எழுதியிருந்தது. ஏழாம் வரிசையில் பதினோரு வாரமாகக் கேபிள் வேலை எதுவும் இல்லை. இருந்தால் அந்தத் தாள் என் மேஜைக்கு வந்திருக்கும்.

நான் பார்ப்பதை வாசல் அக்கா பார்த்துக்கொண்டிருந்தார்.

"அவன் பாவம் சார்," என்றார்.

"யாரு?"

"யாரையும் இல்லை. சும்மா."

என் வார்த்தையையே எனக்குத் திருப்பிக் கொடுத்துவிட்டு செடியின் இலையைத் துடைத்தார். இவருக்கும் தெரியும் என்று தோன்றியது. எனக்கு மட்டும் தெரியாத ஒன்று இந்த வாசலில் நடக்கிறது.

இந்த இடத்தில் நானும் ஒன்றைச் சொல்ல வேண்டும். தினமும் இரண்டே காலுக்கு நான் ஏழாம் வரிசையின் சூட்டுச் சந்துக்குப் போவேன். வேலைக்காக இல்லை. பாதி வழியில் ஒரு தூண் உண்டு. அதில் சாய்ந்து தரையில் உட்காருவேன். முப்பத்தெட்டு டிகிரி. நூற்றுக்கணக்கான விசிறிகளின் இரைச்சல். யாரும் எதுவும் கேட்க முடியாது, அங்கே ஒருவருக்கு ஆறுதல் சொல்லவும் முடியாது. மூன்று மணிக்கு எழுந்து வருவேன். சூட்டுச் சந்தில் இரண்டு பேராகத்தான் போக வேண்டும், பதினைந்து நிமிடத்துக்கு மேல் இருக்கக் கூடாது என்பது விதி. அந்த விதியை எழுதியவன் நான்.

சமீபமாக அங்கே முன்போலச் சூடு உறைக்கவில்லை என்று ஒரு நாள் தோன்றியது. எனக்குத்தான் எதுவும் உறைப்பதில்லை என்று விட்டுவிட்டேன்.

வியாழக்கிழமை காலை எதிர்த்தெருக் காபிக் கடையில் மைத்துனனைக் கதவுக்காரரோடு பார்த்தேன். சந்தின் இரு முனையிலும் கதவு, மேலே கூரை என்று போட்டுக் காற்றை அடைக்கும் சாமான்களை விற்பவர் அவர். ஒரு வருடமாக எங்களிடம் அலைகிறார். தேவையில்லை என்று எழுதியவன் நான். ஏழாம் வரிசை வெந்தால் என் எழுத்து பொய்யாகும், அவருடைய கதவு உள்ளே வரும். மைத்துனன் என்னைப் பார்த்ததும் டம்ளரை வைத்துவிட்டு எழுந்து போனான்.

எல்லாம் பொருந்தியது. பொருந்திய விதம் எனக்குப் பிடிக்கவில்லை, ஆனால் பொருந்தியது. நான் அவன் உட்கார்ந்த நாற்காலியில் உட்கார்ந்தேன். அது இன்னும் சூடாக இருந்தது.

"வாங்க வாங்க. நானே வரணும்னு இருந்தேன்," என்றார் கதவுக்காரர். "ஏழாம் வரிசை படுத்துதாமே?"

"யார் சொன்னா?"

"ஊரே சொல்லுது. நாலு நின்னுபோச்சாமே. எங்க கதவு இருந்தா..."

"என் மச்சினன் உங்ககிட்ட என்ன பேசினான்?"

"அவனா? நான் எட்டு நாளா கதவைப் பத்திப் பேசறேன், காதுலயே வாங்க மாட்டேங்கறான். உங்க வீட்ல எல்லாருமே இப்படித்தானா?" சிரித்தார். நான் சிரிக்காததால் நிறுத்தினார். "ஒரே கேள்விதான் கேட்டான். சூட்டுச் சந்துல ஒரு ஆள் எவ்வளவு நேரம் தாங்குவான்னு. தண்ணி குடிக்காம முக்கால் மணி நேரம் உட்கார்ந்தா என்ன ஆகும்னு."

"முக்கால் மணி நேரம்னே சொன்னானா?"

"முக்கால் மணி நேரம்னே சொன்னான். ஏன், யாராவது அப்படி உட்கார்றாங்களா? கிறுக்கனா இருப்பான்."

காபி வேண்டாம் என்று எழுந்தேன்.

அவனுக்குத் தெரியும். நான் எங்கே உட்காருகிறேன், எவ்வளவு நேரம் உட்காருகிறேன், அந்த விதியை எழுதியவன் யார், எல்லாம் தெரியும். ஹாலை வேக வைப்பது ஒரு கை. என்னைப் பற்றிய புகார் இன்னொரு கை. இரண்டையும் சேர்த்து வைத்தால் பதினெட்டுக்குத் தேவையான ஆள் கிடைத்துவிடுவான். அது நான். ஒரு போன் பண்ணாதவனுக்கு அது சரியான தண்டனைதான் என்றுகூட நினைத்தேன். அவன் இடத்தில் இருந்தால் நானும் செய்திருப்பேன்.

அன்று மதியம் இரண்டே காலுக்கு வழக்கம்போல உள்ளே போனேன். வழக்கம்போலத் தூணில் சாயவில்லை. முழங்காலிட்டுப் புகைப் பேனாவைத் தரையருகே பிடித்தேன். சூட்டுச் சந்தில் தரையிலிருந்து காற்று வர வழியே இல்லை. புகை அங்கேயே தயங்கி நின்றிருக்க வேண்டும். அது யாரோ கீழிருந்து தள்ளியது போல விருட்டென்று மேலே போனது.

டார்ச் அடித்துப் பார்த்தேன். ரேக்குக்கு அடியில் கேபிள் இறங்கும் ஓட்டையில் பிரஷ் மயிரை இரண்டு பக்கமும் ஒதுக்கி நீல ஒட்டுப் பட்டையால் கட்டியிருந்தது. சுத்தமான கட்டு. நுனி உள்ளே மடித்த கட்டு. அப்படி மடிப்பவன் எங்கள் இடத்தில் ஒருவன்தான். அடுத்த ஓட்டையும் அப்படியே. அதற்கடுத்ததும். பதினான்கு ஓட்டைகள். தூணுக்கு இந்தப் பக்கம் ஏழு, அந்தப் பக்கம் ஏழு. நான் உட்காரும் இடம் நட்டநடுவில்.

கையைத் தரைமட்டத்தில் வைத்தேன். பதினேழு, பதினெட்டு டிகிரிக் காற்று. எத்தனையோ வாரமாக இது என் கால்மேல் வீசியிருக்கிறது.

பட்டைகளை அவிழ்க்கவில்லை. தூணுக்குப் பின்னால் நின்றேன்.

மூன்று ஐந்துக்கு வந்தான். குனிந்தான். முதல் கட்டை அவிழ்த்தான். தோளைத் தொட்டேன். அவன் திடுக்கிடவில்லை. நிமிர்ந்து என் முகத்தைப் பார்த்தான். பிறகு தூணைப் பார்த்தான். நான் அங்கே உட்காரவில்லையே என்று பார்த்தது போல இருந்தது.

அந்த இரைச்சலில் காதில் வாய் வைத்துத்தான் பேச முடியும். வைத்தேன்.

"யார் சொல்லிச் செய்யற?"

"யாரும் சொல்லல."

"கதவுக்காரரா?"

"அந்தாளு சொன்னா நான் கதவைக்கூடத் திறக்க மாட்டேன்."

"அப்ப என்னை மாட்டிவிடவா?"

அவன் தலையைப் பின்னால் இழுத்து என்னைப் பார்த்தான். மறுபடி என் காதுக்கு வந்தான்.

"மாட்டிவிடவா?"

"வேற எதுக்கு?"

"இங்கயே உட்காந்து செத்துப்போயிடுவீங்களோன்னுதான்."

நீங்கள் என்று சொல்லிவிட்டான். அவனுக்கே அது தெரியவில்லை. பேச்சு அவனிடமிருந்து துண்டு துண்டாக வந்தது. ஒவ்வொரு துண்டுக்கும் காது மாற்ற வேண்டியிருந்தது.

"வாசல்ல திரையில பார்த்தேன். கண்ணை மூடிட்டு, மூஞ்சி செக்கச்செவேல்னு. அரை மணி நேரம் ஒரு அசைவு இல்லை. ஓடி வந்தேன். கிட்ட வந்ததும் கண்ணைத் திறந்து என்ன வேணும்னீங்க. ஒண்ணும் வேணாம்னு போயிட்டேன்."

எனக்கு அது நினைவில் இல்லை.

"என்கிட்ட சொல்லிருக்கலாமே."

"எப்படிச் சொல்றது? மாமான்னு ஆரம்பிக்கணும். ஆரம்பிச்சா அக்கா பேச்சு வரும்." அடுத்த காதுக்கு மாறினான். "சொன்னாலும் எழுந்திரிக்கிற ஆளா நீங்க? சரி, உட்காரத்தான் போறீங்க, காத்தாவது வரட்டும்னு."

"செவ்வாய்க்கிழமை நாலு சர்வர் நின்னுபோச்சு. அதுக்கப்புறமும் ஏன் திறந்த?"

"அதுக்கப்புறம்தானே இன்னும் நாலு சேர்த்துத் திறந்தேன். ஏழாம் வரிசை சூடாகுதுன்னாங்க. ஏழாம் வரிசைக்குத்தானே விட்டேன்?"

அவன் முகத்தைப் பார்த்தேன். நடிக்கிறானா என்று பார்த்தேன். பாராட்டு எதிர்பார்க்கும் முகம் போலக்கூட இருந்தது.

"முதுகுல விட்டா முகத்துக்கு எப்படிடா போகும்?"

"ஒரே ரூம்தானே? எந்தப் பக்கம் விட்டா என்ன?"

புதிதாகச் சேரும் எவருக்கும் முதல் வாரம் நான் ஒரு வகுப்பு எடுப்பேன். ஒரு மணி நேரம். முகம், முதுகு, குளிர்ச் சந்து, சூட்டுச் சந்து, ஏன் கலக்கக் கூடாது. முடித்துவிட்டு அவருடைய தாளில் கையெழுத்துப் போடுவேன். கார்டு அதற்குப் பிறகுதான். மைத்துனனுக்கு அந்த வகுப்பை நான் எடுக்கவில்லை. ஒரு மணி நேரம் அவனோடு ஒரே அறையில் எதிரெதிரே உட்கார்ந்து அவன் முகத்தைப் பார்த்துப் பேச என்னால் முடியாது என்று நினைத்தேன். மூக்கும் நெற்றியும் அவளுடையவை. வகுப்பு முடிந்தது என்று எழுதிக் கையெழுத்து மட்டும் போட்டேன்.

இருவரும் பதினான்கு ஓட்டைகளையும் மூடினோம். அவன் கட்டுகளை அவிழ்த்தான். நான் மயிரை நீவிவிட்டேன்.

வெளியே வந்ததும் சந்தேகமும் கூடவே வந்தது. நல்ல கதை. கொஞ்சம் அளவுக்கு மீறி நல்ல கதை. பிடிபட்டவன் சொல்லும் எந்தக் கதையும் நன்றாகத்தான் இருக்கும். அக்காவை இழுத்தால் நான் மேற்கொண்டு கேட்க மாட்டேன் என்றும் அவனுக்குத் தெரியும்.

வாசல் அக்காவிடம் போனேன்.

"நேத்து அவன் பாவம்னீங்க. ஏன்?"

"கண்டுபிடிச்சிட்டீங்களா?"

"நான் கேக்கறதுக்குப் பதில் சொல்லுங்க அக்கா."

அவர் காலால் ஸ்டூலைக் காட்டினார். "தினமும் ரெண்டே காலுக்கு இதை இழுத்துப் போட்டுட்டு இந்தத் திரைக்கு முன்னாடி உட்காருவான். சாப்பாட்டு டப்பாவையே இங்கதான் திறப்பான். நீங்க எழுந்திரிக்கிற வரைக்கும் அவன் எழுந்திரிக்க மாட்டான். ஒரு நாள் நீங்க பத்து நிமிஷம் லேட்டா எழுந்தீங்க. அன்னைக்கு டப்பாவை மூடாமலே கதவு வரைக்கும் ஓடினான். இன்னைக்கு நீங்க தரையில குனிஞ்சு தேடினதையும் பார்த்துட்டுத்தான் உள்ள போனான்."

"இதை ஏன் நேத்தே சொல்லல?"

"யாரு உள்ள போனாங்கன்னுதானே ரெஜிஸ்டர் கேட்டீங்க. யாரு வெளியில உட்காந்திருந்தாங்கன்னு கேக்கலியே. அதுக்கு ரெஜிஸ்டர் கிடையாது."

"இந்த ஸ்டூலைப் பார்க்கற கேமராவோட பதிவு இருக்குமா?"

"என் பேச்சை நம்பலைன்னா பாருங்க," என்றார். கோபிக்கவில்லை. பட்டனை அழுத்திக் காட்டினார்.

பார்த்தேன். பதினோரு வாரத்தில் ஆறு நாட்களைத் தேர்ந்தெடுத்துப் பார்த்தேன். ஆறு நாளும் ஸ்டூலில் அவன் இருந்தான். அவனுக்கு முன்னால் இருந்த சின்னத் திரையில், தூணில் சாய்ந்தபடி, கட்டைவிரல் அளவுக்கு நான் இருந்தேன்.

அன்று மாலை ஆறு மணிக்கு மாமியார் போன் செய்தார். வாரத்தில் அது வழக்கமான நாள் இல்லை. அவன் ஏதாவது சொல்லிவிட்டானோ என்று நினைத்தேன். சொல்லவில்லை. மாதக் கடைசி நெருங்குகிறதே என்று கேட்டார்.

"நிக்கிறானா?"

"நாளைக்குத் தெரியும் அத்தை."

"நாளைக்கா? மாசக் கடைசின்னான்."

"நாளைக்கே தெரிஞ்சிடும்."

அவர் ஏன் என்று கேட்கவில்லை. "நீங்க சாப்பிடுறீங்களா?" என்றார். ஆமாம் என்றேன்.

வெள்ளிக்கிழமை மதியம் ரிப்போர்ட்டை எழுதினேன். இரண்டு பக்கம். முதல் பக்கம் காற்று. பதினான்கு ஓட்டைகள், அழுத்தக் குறைவு, ஏசி ஏமாந்த விதம், மின்சாரம் ஒன்பது சதவீதம் குறைந்ததன் உண்மையான காரணம். இரண்டாம் பக்கத்தில் மூன்று வாக்கியங்கள். ஓட்டைகளைத் திறந்தவர் கேபிள் தொழிலாளி. சூட்டுச் சந்தில் விதியை மீறித் தினமும் முக்கால் மணி நேரம் உட்கார்ந்த ஒருவருக்குக் காற்று வர வேண்டும் என்று திறந்தார், அந்த ஒருவர் நான். குளிர் காற்று எந்தப் பக்கம் போக வேண்டும் என்ற வகுப்பை எடுக்காமலே எடுத்ததாக அவர் தாளில் பொய்யாகக் கையெழுத்திட்டவனும் நான்.

முதல் பக்கத்தை வேகமாகவும் இரண்டாம் பக்கத்தை மூன்று முறையும் படித்தார் பதினெட்டு.

"இது என்ன?"

"நீங்க கேட்ட ஆள் சார்."

"திறந்தது அவன்தானே?"

"ஆமா."

"அப்ப அவன் கார்டுதானே போகணும்?"

"அவனுக்கு எது முகம் எது முதுகுன்னு தெரியாது. தெரியும்னு எழுதிக் கொடுத்தது நான்."

"மச்சினனைக் காப்பாத்தறியா?"

"காப்பாத்தணும்னா அவன் திறந்தான்னே எழுதியிருக்க மாட்டேன்."

அவர் கண்ணாடியைக் கழற்றி மேஜைமேல் வைத்தார். என்னை நம்பவில்லை. ரெஜிஸ்டரை வரவழைத்தார். கேமரா பதிவைக் கேட்டார். என் எதிரிலேயே பார்த்தார். கட்டைவிரல் அளவு ஆளைக் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, "இவ்வளவு நேரமா இங்க உட்காருவ?" என்றார். குரல் மாறியிருந்தது. அந்தக் குரல் எனக்குத் தெரியும். எட்டு மாதமாக எல்லோரிடமும் கேட்கிறேன். அது நீளாமல் இருக்க என் கார்டைக் கழுத்திலிருந்து கழற்றி மேஜைமேல் வைத்தேன்.

"மூணு மாசம் நீ ஹாலுக்குள்ள கால் வைக்கக் கூடாது," என்றார். "வெளியில உட்காந்து எண்ணைப் பாரு. அதுக்கப்புறம் யோசிக்கலாம்."

"அவன்?"

"நிரந்தரம் கிடையாது. தற்காலிகமே இன்னும் மூணு மாசம். முதல்ல அந்த வகுப்பை எடு. நெஜமா எடு. நான் கதவுக்கு வெளியில நின்னு கேப்பேன்." ரிப்போர்ட்டை இழுப்பறையில் வைத்தார். "மின்சாரம் மறுபடி ஏறுமா?"

"ஏறும் சார்."

எழுந்து போய்ச் சுவரில் இருந்த வரைபடத்தை எடுத்தார். கிழிக்கவில்லை. ஒட்டிய இடத்தில் சுண்ணாம்பு பெயர்ந்துவிடாமல் மெதுவாக உரித்தார்.

திங்கட்கிழமை காலை வகுப்பு எடுத்தேன். பலகையில் இரண்டு கட்டம் வரைந்து கண்ணும் வாயும் போட்டேன். அவன் எதிரே உட்கார்ந்து ஒரு மணி நேரம் குறிப்பு எடுத்தான். நான் பலகையைப் பார்த்துப் பேசினேன், பிறகு அவனைப் பார்த்தும் பேசினேன். முடித்ததும் ஒரு கேள்வி கேட்டான். நல்ல கேள்வி. பதில் சொன்னேன். கதவுக்கு வெளியே யாரும் நின்றதாகத் தெரியவில்லை.

இரண்டே காலுக்கு நான் கட்டடத்தில் இல்லை. எங்கே போவது என்று தெரியாமல் தெருவில் நடந்தேன். போன் அடித்தது. பின்னால் விசிறிகளின் இரைச்சல். சந்து முனையிலிருந்து மைத்துனன் உரக்கப் பேசுகிறான்.

"ஏழாம் வரிசை. பின்னாடி முப்பத்தாறு காட்டுது. சரிதானே?"

"சரி. முன்னாடி?"

"இருபத்து மூணு. ஏசி முழு வேகத்துல ஓடுது. கை வச்சா பின்னாடி சுடுது."

"சுடணும். அங்கதான் சுடணும்."

"கூட ஆள் இருக்கு. ரெண்டு பேராத்தான் வந்திருக்கோம்," என்றான். "மாமா, எங்க இருக்கீங்க?"

"வெளியில."

"வெளியிலன்னா எங்க?"

அவன் குரலில் நம்பிக்கை இல்லை. தெருமுனையில் இருந்தேன், ஒரு மூடிய கடையின் முன். பெயர்ப் பலகையைப் படித்துச் சொன்னேன். எதிரில் என்ன இருக்கிறது என்று கேட்டான். அதையும் சொன்னேன்.